மார்ல்விக்குக்கு ஒரு பதில்

அன்புள்ள மிஸஸ் ஹெபர்ட்,
உங்கள் கடிதம் பதினேழு நாளில் வந்தது.
அதில் மூன்று நாள் பினாங்குக்குள்ளேயே சுற்றியிருக்கிறது.
மார்ல்விக் என்று கேட்டால்
இங்கே எங்களை எங்களுக்கே தெரியாது.

உங்கள் கிராமத்துக்குத் தொள்ளாயிரம் வயது என்கிறீர்கள்.
மாதா கோயில் மணி,
குளத்து வாத்துக்கு ஒதுக்கிய தானியம்,
பஞ்சத்தில் ரொட்டி திருடியவன் பெயர்,
எல்லாம் பேரேட்டில் இருக்கிறதாம்.
பொறாமையாக இருக்கிறது.
எங்கள் பேரேட்டில் கரையான் தின்றது பாதி.
மீதியை முந்தைய செயலாளர்
கச்சான் மடிக்கக் கொடுத்துவிட்டார்.

உங்கள் கடிதத்தைக் கூட்டத்தில் வாசித்தேன்.
இருபத்துமூன்று பேர், ஒரே மின்விசிறி.
உங்கள் ஊர்க்காரர், முனிசிபல் எஞ்சினியர்,
வந்து நான்கு வருடம் இருந்து
இந்த நாற்பது வீட்டு லயனுக்குத்
தன் ஊர்ப் பெயரை வைத்துவிட்டுப் போனார்
என்ற வரி வந்ததும்
சபை சிரித்துவிட்டது.

சிலம்பாயி அக்காள் எழுந்தார்.
'மாரி வீக்கு.
மாரியாத்தா வீற்றிருக்கிற இடம், மாரி வீக்கு.
நடுவில் துரை எங்கிருந்து வந்தான்?'
பாக் ஹாஷிம் தொண்டையைச் செருமினார்:
இது கம்போங் மாலிக்.
கிணறு வெட்டிய மாலிக் அவருக்கு மாமன் முறை;
அந்தக் கிணறு எங்கே என்று மட்டும் கேட்காதீர்கள்.
ஆ தியோங் எதுவும் பேசவில்லை.
அவர் காப்பிக்கடைப் பலகையில்
அறுபது வருடமாக இரண்டு சீன எழுத்து,
மா, லிக்.
பொருள் கேட்டேன்.
குதிரைச் சக்தி என்றார்.

ஓட்டெடுப்பு நடத்தினோம்.
மாரிக்குப் பதினொன்று, மாலிக்குக்கு ஆறு,
குதிரைக்கு நான்கு.
உங்கள் ஊருக்கு ஒன்று. அது என்னுடையது.
ஒருவர் ஒன்றுக்குப் போயிருந்தார்.

இனி உங்கள் கேள்விகள்.
மிகப் பழைய கட்டடம்: பொதுக் கழிப்பறை.
எட்டுக் கதவில் ஐந்து மிச்சம்.
கட்டிய வருடம் பொறித்த கல்லின்மேல்
யாரோ லிவர்பூல் என்று எழுதிவிட்டார்கள்.
அதையும் வரலாறாக எடுத்துக்கொள்வீர்களா?

இங்கே புதைக்கப்பட்டவர்கள்: ஒருவருமில்லை.
நாங்கள் பத்து காந்தோங்கில் வெந்து கடலில் கரைகிறோம்.
ஹாஷிம் வீட்டார் பள்ளிவாசலுக்குப் பின்னால்,
தியோங் வீட்டார் மலைச்சரிவில்.
உங்களைப்போல் செத்தபின் ஒரே மதிலுக்குள்
ஒன்றாகக் கிடக்கும் வசதி இல்லை.
அதனால்தான் உயிரோடிருக்கையிலேயே
ஒரே குழாயடியில்
மொத்தச் சண்டையையும் போட்டுவிடுகிறோம்.

ஊர்த் திருவிழா என்று கேட்டிருந்தீர்கள்.
தைப்பூசம் தீவுக்கே பொது.
எங்களுக்கென்று இருப்பது கோத்தோங் ரோயோங்;
பெருமழைக்கு முந்தின ஞாயிறு
எல்லாரும் இறங்கி லோங்காங் அள்ளுவது.
போன தடவை கிடைத்தவை
இரண்டும் இடக்காலாக ஒரு ஜோடி சிலிப்பர்,
ஒரு செட் பல்.
உரிமை கோர ஆளில்லை.
ஆனாலும் எல்லாரும் திரும்பிப்
பச்சையப்பன் வாயைப் பார்த்தோம்.
அவர் அதற்குப்பின் ஒரு மாதம் சிரிக்கவில்லை.

பதினோராவது கேள்வி.
அந்த எஞ்சினியரின் நினைவாக
இங்கே ஏதேனும் உண்டா.
உண்டு, அம்மா.
அந்த லோங்காங் அவர் போட்டது.
கடல் மேற்கே இருக்கிறது;
அவர் கிழக்கே சரித்துவிட்டார்.
உங்கள் ஊரில் கடல் அந்தப் பக்கமோ என்னவோ.
ஒவ்வொரு மழைக்கும் தண்ணீர்
திரும்பி வந்து எங்கள் படியேறும்.
மூன்று மொழியில்
அவரை நினைத்துக்கொள்வோம்.
அந்த வார்த்தைகளை இங்கே எழுதவில்லை.

மார்ல்விக் என்றால் என்ன பொருள்?
உங்களுக்குத் தெரிந்தால் எழுதுங்கள்.
தெரியாவிட்டாலும் பரவாயில்லை,
உங்கள் ஊரிலும் ஓட்டெடுப்பு வையுங்கள்.

வானம் இருட்டிவிட்டது.
நாற்காலியின்மேல் அரிசி மூட்டையை ஏற்றவேண்டும்.

இப்படிக்கு,
அமிர்தவல்லி,
செயலாளர்,
(ஊர்ப் பெயர் அடுத்த கூட்டத்தில்.)